பேக்கரியில் புளித்த கூழ்

பெங்களூரு டி.சி.பாளையத்தில் ஆடி மாதம் வந்தால் வேப்பிலைக்கு முன்னால் ஸ்வெட்டர் வெளியே வந்துவிடும். ஒலிபெருக்கியில் அம்மன் பாட்டு காதைப் பிளக்கும். கேட்கிறவர்கள் காதை மஃப்ளரால் மூடியிருப்பார்கள். குடியாத்தத்தில் ஆடி என்றால் புழுதிக் காற்று. அம்மி பறக்கிறதோ இல்லையோ, கொடியில் காய்கிற பாவாடை பக்கத்துத் தெருவுக்குப் போய்விடும். பெங்களூரில் அதே ஆடிக்குப் பொடித் தூறல், எலும்புக்குள் இறங்கும் ஈரக் காற்று, மூன்று நாளாகியும் காயாத துண்டு. மாசமும் ஒன்று, அம்மனும் ஒன்றுதான், மேட்டுக்கு ஏறினால் குணம் வேறு. ஏழு வருஷமாக இங்கேயே இருந்தும் வனஜா இதை மறந்துவிட்டாள். மறந்ததற்கு அவள் பட்ட பாடு இருக்கிறதே, சொல்கிறேன்.

நான்காவது கிராஸ் முழுக்க இருபதுக்கு முப்பது மனைகள். கோலார் தங்கவயலில் சுரங்கத்தை மூடியபோது கையில் கிடைத்ததைக் கொண்டுவந்து, இங்கே புதரும் பாம்பும் மட்டும் இருந்த காலத்தில் வாங்கிப்போட்டவர்கள் கட்டிய தெரு. முதலில் கீழே ஒரு வீடு கட்டினார்கள். அப்புறம் அதன் தலைமேல் ஒன்று, அதன் தலைமேல் இன்னொன்று. கீழே வீட்டுச் சொந்தக்காரர்கள், எல்லாம் தங்கவயல். மேலே வாடகைக்காரர்கள், குடியாத்தம், வாணியம்பாடி, திருப்பத்தூர். பாட்டன் பூட்டன் காலத்துக்குப் போனால் இரண்டு பேருக்கும் வட ஆற்காடுதான் ஊர். ஒத்துக்கொள்ளத்தான் மனசு வராது. சண்டை என்று ஒன்றும் கிடையாது. தண்ணீர் லாரி வந்தால் சேர்ந்து நின்றுதான் குழாய் பிடிப்பார்கள். ஆனால் தெருமுனை முத்துமாரியம்மன் கோயில் என்று வந்துவிட்டால் மேல்வீட்டுக்காரர்கள் வரிசையில் நிற்கிறவர்கள். கரண்டி பிடிக்கிறவர்கள் கீழ்வீட்டுக்காரர்கள்.

ஆடி ஞாயிற்றுக்கிழமையில் கூழ் ஊற்றுகிற கரண்டி, கோயில் கட்டிய நாளிலிருந்து ரஞ்சிதத்தின் கையில்தான் இருந்தது. அவள் புருஷன் தாஸ் கோயில் கமிட்டித் தலைவர். சுரங்கத்தில் வேலை பார்த்தவர், அதிகம் பேசமாட்டார்; பேசவேண்டியதை எல்லாம் ரஞ்சிதமே பேசிவிடுவதால் அவருக்கு அந்த அவசியமும் வரவில்லை. இந்த வருஷம் ரஞ்சிதத்துக்கு முட்டியில் ஆபரேஷன் ஆகியிருந்தது. கம்பு ஊன்றித்தான் நடந்தாள். மற்றக் கீழ்வீட்டு மருமகள்கள் எல்லாம் ஒயிட்ஃபீல்டு பக்கம் கம்பெனிக்குப் போகிறவர்கள். கமிட்டிக் கூட்டத்தில் கேட்டரிங்கில் சொல்லிவிடலாம் என்று பேச்சு வந்தது.

பின்வரிசையில் நின்ற வனஜாவுக்குப் பொறுக்கவில்லை.

"அம்மனுக்கு டப்பாவுலயா கூழு வரும்? நான் ஊத்தறேங்க," என்றாள்.

எல்லாத் தலையும் திரும்பியது. வனஜா, ஆஞ்சலா வீட்டின் இரண்டாம் மாடியில் குடியிருப்பவள். கஸ்தூரி நகரில் மூன்று வீடுகளுக்குச் சமைக்கிறாள். புருஷன் உத்தமன் சின்ன சரக்கு வண்டி ஓட்டுகிறான். இவ்வளவுதான் அவளைப் பற்றித் தெருவுக்குத் தெரியும்.

ரஞ்சிதம் கம்பைத் தரையில் ஊன்றிக்கொண்டாள். "நீ மேல்வூடு. இன்னிக்கி இங்க கீற. நாளைக்கி ஹொசகோட்டேல வாடகை கம்மின்னு மூட்டை கட்டிடுவ. அம்மன் கரண்டியயும் மூட்டைல வெச்சி எடுத்துனு போவியா?"

"ஏழு வருசமா இங்கதாம்மா கீறேன். எங்க போயிட்டேன்?"

"கூழு காய்ச்சறது உனக்கு மூணு வூட்டுல சாம்பார் வெக்கற மாதிரி இல்ல. ஊத்தற கை கடைசிலதான் குடிக்கணும். அதுக்கு முன்ன ஒரு சொட்டு நாக்குல படக்கூடாது. உப்பு, புளிப்பு எதையும் ருசி பாக்க முடியாது. மோந்து பாத்தே செய்யணும். ஆவுமா?"

"ஆவும்."

தாஸ் தொண்டையைச் செருமினார். "ஊத்தட்டும் வுடு. ஒரு வருசம் பாப்போம்."

"பாருங்க, வேணான்னு சொல்லல," என்றாள் ரஞ்சிதம். "கூழு சப்புன்னு இருந்திச்சின்னு நாலு பேரு சொன்னா, அடுத்த வருசம் கேட்டரிங்தான். அப்புறம் மேல்வூட்டுக்காரிங்க எவளும் கரண்டி பக்கம் கைய நீட்டக்கூடாது. இப்பவே சொல்ட்டேன்."

வனஜா தலையை ஆட்டினாள். மாடிகளிலிருந்து எட்டிப் பார்த்த மேல்வீட்டுப் பெண்களும் சேர்ந்து தலையை ஆட்டினார்கள். ஒருத்தி வாயைக் கொடுத்தாள், தெருவில் பாதிப் பேரின் மானம் அதில் மாட்டிக்கொண்டது.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் கோயில் மண்டபத்தில் பெரிய அண்டாவுக்கு மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, ராகி மாவைக் கரைத்தாள் வனஜா. முழங்கை வரைக்கும் மாவு. கட்டி தட்டாமல் அளைந்து அளைந்து கரைத்து, வெள்ளைத் துணியால் வேடு கட்டினாள். நாளைக்குள் புளித்துவிடும், சாயங்காலம் காய்ச்சி வைத்தால் ஞாயிறு மதியத்துக்கு மோர் விட்டுக் கரைத்து ஊற்றவேண்டியது. அவள் அம்மா குடியாத்தத்தில் செய்த கணக்கு அது. போன சித்திரையில் வீட்டில் ஒரு குண்டான் செய்தபோதும் அந்தக் கணக்கு பிசகவில்லை. ரஞ்சிதம் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, ஆபரேஷன் காலை நீட்டிக்கொண்டு, எல்லாவற்றையும் பார்த்தபடி இருந்தாள். வழக்கமாக வாய் ஓயாதவள் அன்றைக்கு ஒரு வார்த்தை பேசவில்லை. குறை சொல்ல ஒன்றும் கிடைக்கவில்லை போலிருக்கிறது என்று வனஜா சந்தோஷப்பட்டாள்.

சனிக்கிழமை காலையில் சமையல் வேலை முடித்து நேராகக் கோயிலுக்கு வந்தாள். வேடு கட்டின துணியைப் பிரித்தாள். மாவு முழுக்க அடியில் போய் உட்கார்ந்திருந்தது. மேலே தெளிந்த தண்ணீரில் அவள் முகம் தெரிந்தது. குனிந்து மோந்தாள். பச்சை மாவு வாசம், ரேஷன் கடை மூட்டையைப் பிரித்தால் வருமே அந்த வாசம். புளிப்பு என்கிற பேச்சே இல்லை.

சிமெண்டுத் தரையைத் தொட்டுப் பார்த்தாள், ஜில்லென்று இருந்தது. ராத்திரி முழுக்கத் தூறல். அண்டா அந்தத் தரையில் உட்கார்ந்து குளிரில் விறைத்திருக்கிறது.

ஆஞ்சலா வீட்டுக்கு ஓடினாள். ஆஞ்சலா அவளுக்கு வீட்டுக்காரம்மா, அதைவிடப் பெரிய விஷயம், சிநேகிதி. ஞாயிறு காலையில் சர்ச்சு, மதியத்தில் அம்மன் கூழுக்குக் கருவாட்டுக் குழம்பு என்று வருஷா வருஷம் இரண்டு பக்கமும் பாக்கி வைக்காதவள். முற்றத்தில் உட்கார்ந்து கருவாட்டைத் தலை கிள்ளிக்கொண்டிருந்தவள், கையைக்கூடக் கழுவாமல் வந்து அண்டாவை எட்டிப் பார்த்தாள்.

"இன்னாடி இது, அல்சூர் ஏரி மாதிரி கீது."

"எங்க ஊர்ல ஒரே ராத்திரில பொங்கிடும் அக்கா."

"உங்க ஊர்ல ஒரு ராத்திரி வெளிய நின்னா மனுசனே புளிச்சிடுவான். இது பெங்களூரு. இட்லி மாவுக்கே நான் கம்பளி போத்தி வெக்கறேன், இம்மாம் பெரிய அண்டாவ மொட்டையா வுட்டுட்டியே."

"சித்திரைல நல்லாத்தான வந்துச்சி."

"சித்திரையும் ஆடியும் ஒண்ணா? உன்ன சொல்லி தப்பு இல்ல. வேப்பிலைய பாத்ததும் மனசு குடியாத்தத்துக்கு ஓடிப்போச்சி, ஒடம்பு மட்டும் இங்க கரைச்சினு இருந்திச்சி."

வனஜாவுக்கு அழுகை முட்டியது. ஏழு வருஷத்தில் இந்தத் தெருவில் ஒரே ஒரு தடவைதான் வாய் திறந்து ஒன்று கேட்டாள். அதையும் இப்படி நனைத்து வைத்திருக்கிறாள். அவள் தோற்றால் அவளோடு போகாது. பக்கத்து மாடி யாமினி, எதிர்மாடிப் பெண்கள், இனிமேல் வந்து குடியேறப்போகிறவர்கள் எல்லாருக்கும் சேர்த்துக் கதவு மூடிவிடும்.

அந்த நேரத்துக்கு உத்தமன் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தினான். விஷயத்தைக் கேட்டுவிட்டு, "தயிரு நாலு பாக்கெட்டு புளிச்சதா பாத்து ஊத்தினா ஆவாதா?" என்றான்.

"தயிரு ஊத்தினா தயிரு புளிப்பு வரும். கூழு புளிப்பு எங்கிருந்து வரும்? குடிக்கறவங்க நாக்கு இன்னா மரக்கட்டையா?" என்றாள் வனஜா.

"அப்ப சூடுதான் வேணும்."

"வெய்யில் கீதா பாரு," என்றாள் ஆஞ்சலா.

மூன்று பேரும் வானத்தைப் பார்த்தார்கள். வானம் பழைய அலுமினியத் தட்டு மாதிரி இருந்தது. நாளைக் காலைக்குள் வேறு சூடு தேடியாகவேண்டும்.

வனஜா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். தினமும் விடியலில் அவள் பஸ்ஸுக்கு நிற்கிற இடம் மனசுக்குள் வந்தது. மெயின் ரோட்டில் ஐயங்கார் பேக்கரி இருக்கிறது. அதன் பக்கச் சுவருக்குப் பின்னால்தான் விறகு அடுப்பு. குளிர்காலத்தில் பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள் எல்லாரும் அந்தச் சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டு நிற்பார்கள். தெருநாய்கள்கூட அங்கேதான் படுக்கும்.

"ஏங்க, வண்டிய எடுங்க," என்றாள்.

பேக்கரிக்காரர் ஸ்ரீஹர்ஷா ஹாசன்காரர். போர்டில்தான் ஐயங்கார். தமிழில் ஆரம்பித்துக் கன்னடத்தில் முடிப்பார், கன்னடத்தில் ஆரம்பித்தால் தமிழில் முடிப்பார். பன்னுக்கு வெண்ணெய் தடவிக்கொண்டே வனஜா சொன்னதை எல்லாம் கேட்டார்.

"ராகியா? நம்ம ஊருல ராகி இல்லாம பொழுதே விடியாது வனஜம்மா. ஸ்வல்ப ஈஸ்ட் கொடுக்கறேன். சாயங்காலத்துக்குள்ள எழும்பிடும்."

"ஈஸ்ட் போட்டா கூழு பன்னு மாதிரி ஆயிடும் சார். அம்மன் இன்னா டீயில முக்கி சாப்புடுவாளா? எனக்கு ஈஸ்ட் பேடா, வேணாம். உங்க அடுப்பு ரூம்பு ஒரு ராத்திரிக்கு வேணும்."

அவர் கத்தியை வைத்துவிட்டுச் சிரித்தார். "எடுத்துக்க. ரொட்டி வேகற பக்கம் என் ஆளுங்க இருப்பாங்க. இந்தப் பக்கம் காலி. அண்டா கொண்டு வா."

கோயிலுக்குப் போய், மாவைத் தகர டின்களில் மொண்டு, அண்டாவை நாலு பேர் பிடித்து வண்டியில் ஏற்றி, தெருவே வேடிக்கை பார்க்கக் கொண்டுவந்தார்கள். அவசரத்தில் அண்டாவிலும் கை நுழையாது என்பார்கள். இங்கே அண்டாவே கதவில் நுழையவில்லை. நிமிர்த்திப் பார்த்தார்கள், சாய்த்துப் பார்த்தார்கள், உத்தமன் தலைமேல் கவிழ்த்துக்கூடப் பார்த்தான். அடுப்பறைக் கதவு ஒரு ஆள் ரொட்டித் தட்டோடு போகிற அளவுக்குத்தான் இருந்தது.

"கதவ ஒடைக்கலாமா?" என்றான் உத்தமன்.

"உங்க வண்டிய ஒடைக்கலாம்," என்றார் ஸ்ரீஹர்ஷா.

வனஜா ஒரு நிமிஷம் நின்றாள். அப்புறம் புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு தெருவுக்குள் நடந்தாள். ஒவ்வொரு வீட்டின் பக்கவாட்டிலும் மேலே போகிற இரும்புப் படி இருக்கும். ஒவ்வொரு படியாக ஏறினாள். யாமினி கதவைத் திறந்ததும், "உன் பெரிய குண்டான் குடு. அப்புறம் பழைய சோத்துத் தண்ணி புளிச்சது இருந்தா அதயும் குடு, உறை ஊத்தணும்," என்றாள். எதற்கு என்று யாமினி கேட்கவில்லை. குண்டானை விளக்கி, புளித்த நீராகாரத்தை ஒரு சொம்பில் ஊற்றி, தானே எடுத்துக்கொண்டு அவள் பின்னால் இறங்கினாள். அடுத்த படி, அதற்கடுத்த மாடி. கல்யாணச் சீரில் வந்த தவலை, பொங்கல் பானை, ஹாஸ்டல் சமையலறையிலிருந்து டேக்சா, ஐந்து பேருக்கு மேல் விருந்தாளி வந்தால் மட்டும் பரணிலிருந்து இறங்குகிற பெரிய குக்கர். மேல்வீட்டுப் பெண்கள் இடுப்பில் பாத்திரமும் கையில் சொம்புமாக மெயின் ரோட்டுக்கு வந்தபோது, பஸ்ஸில் உட்கார்ந்திருந்தவர்கள் தண்ணீர்ப் போராட்டம் என்று நினைத்து எட்டிப் பார்த்தார்கள்.

ஒவ்வொரு பாத்திரமும் ஒரு வீட்டு நீராகாரத்தை வாங்கிக்கொண்டது. மாவைப் பங்கிட்டு ஊற்றிக் கலக்கிக் கொடுத்துக்கொண்டே இருந்தாள் வனஜா.

அப்போதுதான் கம்பு ஊன்றும் சத்தம் கேட்டது. ரஞ்சிதம் தெருக்கோடியிலிருந்து நடந்தே வந்திருந்தாள். பின்னால் தாஸ்.

"இங்க இன்னா நடக்குது? முட்ட பப்ஸு வேகற ரூம்புல அம்மன் கூழா?"

எல்லாரும் நின்றுவிட்டார்கள். இதை யாரும் யோசித்திருக்கவில்லை. வனஜாவின் கையிலிருந்த கரண்டி மாவுக்குள் அப்படியே நின்றது.

ஆஞ்சலாதான் முன்னால் வந்தாள். கையில் இன்னும் கருவாட்டு வாசம். "ரஞ்சிதம்மா, நாளைக்கி கூழோட அம்மன் முன்னாடி எத வெச்சிப் படைப்பீங்க?"

"கருவாட்டுக் கொழம்பு."

"கருவாடு சாப்புடறவளுக்கு முட்ட வாசன ஆவாதா? எங்க ஏசப்பா சத்தியமா எனக்கு வெளங்கல, நீங்கதான் சொல்லணும்."

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். ரஞ்சிதம் சிரிக்கவில்லை. "அது படையலு. இது புளிக்கற மாவு. சுத்தம் வேணும். நான் சொல்றது சொல்றதுதான்."

சொன்னதில் நியாயம் இருந்தது. ஸ்ரீஹர்ஷா கடைக்குள் போனார். கண்ணாடிப் பெட்டியிலிருந்த முட்டைப் பப்ஸ் தட்டை எடுத்து வந்து, தெருவில் நின்ற எல்லாரையும் பார்த்து, "யாரு பேக்கோ, வேணுங்கறவங்க எடுத்துக்கங்க. இன்னிக்கி, நாளைக்கி ரெண்டு நாளும் முட்ட உள்ள வராது," என்றார். உள்ளே திரும்பி ஆட்களிடம் கன்னடத்தில் அடுப்பறையைக் கழுவச் சொன்னார். ஞாயிற்றுக்கிழமைதான் அவருக்கு முட்டைப் பப்ஸ் பறக்கிற நாள். அது தெருவுக்கே தெரியும், ரஞ்சிதத்துக்கும் தெரியும்.

"எதுக்கு சார் நீங்க," என்றாள் வனஜா. முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"என் கடை வாசல்ல நின்னு ராகி கெட்டுப்போச்சின்னு ஒருத்தி அழுதா, எங்க ஊருல எங்கம்மா என்ன வூட்டுல சேக்கமாட்டா. ஆயித்து, உள்ள எடுங்க."

கழுவின தரையில் மஞ்சள் தண்ணீர் தெளித்து, பாத்திரங்களை அடுப்புச் சுவர் ஓரமாக வரிசையாக வைத்தார்கள். ரஞ்சிதம் கடைசிப் பாத்திரம் உள்ளே போகும்வரை நின்று பார்த்தாள். "புளிச்சா பாத்துக்கலாம்," என்று மட்டும் சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தாள்.

அன்று வனஜாவுக்குத் தூக்கம் எங்கே வரும். கோழி கூவுகிற வேளைக்குக் குளித்து, ஈரத் தலையோடு, உத்தமனை எழுப்பி இழுத்துக்கொண்டு பேக்கரிக்கு வந்தாள். கதவைத் திறந்ததும் ரொட்டி வாசத்தை நெட்டித் தள்ளிக்கொண்டு ஒரு வாசம் வந்தது. வனஜாவின் கால் அங்கேயே நின்றுவிட்டது. புளிப்பு. மூக்கில் ஏறி, கண்ணில் நீர் வரவழைத்து, தொண்டைக்குள் எச்சில் ஊறவைக்கிற நல்ல ராகிப் புளிப்பு.

ஓடிப்போய் ஒவ்வொரு மூடியாகத் திறந்தாள். எல்லாம் நுரைத்திருந்தது. யாமினி குண்டான் பொங்கி வழிந்து தரையில் ஓடியிருந்தது. காதை வைத்துக் கேட்டால் உள்ளே குமிழி வெடிக்கிற சத்தம், பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் குசுகுசுவென்று பேசுகிற மாதிரி.

"ஏங்க, பொங்கிட்சிங்க," என்று சொல்லும்போதே அழுதாள். உத்தமன் அவள் முதுகில் தட்டினான். மாவு பிசைந்துகொண்டிருந்த பையன்கள் ஒரு மாதிரிப் பார்த்தார்கள். பார்க்கட்டுமே.

நேற்றே காய்ச்சியிருக்கவேண்டியது, இனி நேரம் கிடையாது. கோயில் வாசலில் தார்ப்பாய் கட்டி, கல் அடுப்புக் கூட்டி, அண்டாவில் நொய்யை வேகவிட்டார்கள். ஈர விறகு புகைந்து எல்லார் கண்ணையும் பதம் பார்த்தது. நொய் குழைந்ததும் மாவை ஊற்றினாள். உத்தமனும் இன்னொருவனும் எதிரெதிராக நின்று துடுப்புப் போட்டார்கள். முதலில் கஞ்சி மாதிரி தளதளவென்று சுற்றியது, அப்புறம் இறுகியது, அப்புறம் துடுப்பையே பிடித்து இழுத்தது.

"கை வலிக்குதுமே," என்றான் உத்தமன்.

"வலிக்கட்டும். நிறுத்தினீங்க, அடி புடிச்சிடும்."

"வண்டி தள்ளறது இதுக்கு மேலு."

"தள்ளுங்க, நாளைக்கி."

தண்ணீரில் நனைத்த கையால் களியைத் தொட்டாள். ஒட்டவில்லை. இறக்கச் சொன்னாள். ஆறவைத்து, மோர் விட்டுக் கரைத்து, சின்ன வெங்காயத்தை வாரி இறைத்தாள். பாக்கி உப்புதான். ருசி பார்க்க முடியாது. உப்பைக் கையில் அள்ளிக்கொண்டு அண்டாமேல் குனிந்து கண்ணை மூடி மோந்தாள். அம்மா எப்படிப் போடுவாள், எத்தனை கை, அதெல்லாம் ஒன்றும் ஞாபகத்துக்கு வரவில்லை. மோர் வாசமும் வெங்காய வாசமும் கலந்து வந்ததில் எங்கே குறை இருக்கிறதோ அங்கே போட்டாள். இனி அம்மன் பாடு.

உச்சி வேளைக்குப் படையல் முடிந்தது. மேளம் நின்றதும் தாஸ் கரண்டியை எடுத்து அவளிடம் கொடுத்தார். முதலில் கீழ்வீட்டுக்காரர்கள் வந்தார்கள். வனஜா அவர்கள் பாத்திரத்தில் ஊற்றிவிட்டு அவர்கள் முகத்தையே பார்த்தாள். முதல் ஆள் குடித்தார். நிறுத்தினார். அவளைப் பார்த்தார். மிச்சத்தையும் குடித்துவிட்டுப் பாத்திரத்தை மறுபடி நீட்டினார்.

அதற்கப்புறம் அவளுக்கு நிமிர நேரமில்லை. ஆஞ்சலா பக்கத்தில் நின்று கருவாட்டுக் குழம்பும் முருங்கைக்கீரையும் வைத்தாள். வரிசை கோயிலைத் தாண்டி, மெயின் ரோட்டில் திரும்பி, பேக்கரி வரைக்கும் போனது. ஹாஸ்டல் பையன்கள் எவர்சில்வர் டம்ளரோடு வந்தார்கள். சாப்பாடு டெலிவரி கொடுக்க வந்தவன் வண்டியை ஓரம் கட்டிவிட்டு வரிசையில் நின்றான், ஆர்டர் போட்டவரும் கீழே இறங்கிவந்து அவன் பின்னால் நின்றார். கம்பெனி அடையாள அட்டையோடு ஒரு பெண், இது என்ன என்று ஹிந்தியில் கேட்டுவிட்டு, குடித்துவிட்டு, தன் அம்மாவுக்கு வீடியோவில் காட்டினாள். ஸ்ரீஹர்ஷா மாவு படிந்த கையோடு வந்து, ஊற்றின இடத்திலேயே நின்று குடித்து, "நம்ம அடுப்பு," என்று பக்கத்திலிருந்தவரிடம் சொல்லிக்கொண்டார். மேல்வீட்டுப் பெண்கள் ஒருத்திக்கொருத்தி, என் குண்டான்லதான் நல்லாப் பொங்கிச்சி, இல்ல என் தவலைலதான் என்று சண்டை போட்டுக்கொண்டார்கள். இரண்டாம் தடவை, மூன்றாம் தடவை வந்தவர்களை ஆஞ்சலா விரட்டினாள். "மொதல்ல வராதவங்களுக்கு வழி வுடுங்கடா, வயிறா இது, பி.டபிள்யூ.டி. பள்ளமா?"

நடுவில் ரஞ்சிதம் வந்தாள். பெரிய பித்தளைச் சொம்பை நீட்டினாள். வனஜா இரண்டு கரண்டி ஊற்றினாள். ரஞ்சிதம் குடிக்கவில்லை. உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, மூடி போட்டு, கம்பை ஊன்றிக்கொண்டு வீட்டுக்கே போய்விட்டாள்.

வனஜாவுக்குச் சுருக்கென்றது. ஊரே குடிக்கிறது, இவளுக்கு என் கையால் குடிக்க மனசில்லை. செடிக்கு ஊற்றுவாளோ என்னவோ. அடுத்த பாத்திரம் வந்தது, ஊற்றினாள்.

தூறல் நின்று வெயில் தலைகாட்டிய நேரத்தில் வரிசை முடிந்தது. கடைசியாக ஒரு ஆட்டோக்காரர். அவருக்கு ஊற்றும்போது கரண்டி அடியில் உரசியது. அண்டாவைச் சாய்த்து, வழித்து, அவர் பாத்திரத்தை நிறைத்து அனுப்பினாள். வந்தவர் ஒருவரும் வெறும் பாத்திரத்தோடு போகவில்லை. அண்டாவுக்குள் எட்டிப் பார்த்தாள். விளக்கி வைத்தது போலச் சுத்தமாக இருந்தது.

"ஐயோ, உனக்கு இல்லியேடி," என்றாள் ஆஞ்சலா.

காலையிலிருந்து பச்சைத் தண்ணீர் பல்லில் படாதவள் வனஜா. "பரவால்ல அக்கா. மனசு நெறஞ்சிட்சி," என்றாள். பாதி உண்மைதான். அவ்வளவு பேர் கேட்டு வாங்கிக் குடித்த கூழ் எப்படி இருந்தது என்று அவளுக்கு மட்டும்தான் தெரியாது.

கம்பு ஊன்றும் சத்தம் கேட்டது. ரஞ்சிதம் நிதானமாக வந்து, தார்ப்பாய்க்கு அடியில் கிடந்த நாற்காலியில் உட்கார்ந்து, அதே பித்தளைச் சொம்பை வனஜாவிடம் நீட்டினாள். மூடி அப்படியே இருந்தது.

"இந்தா."

"இன்னாம்மா இது? நீங்க குடிக்கலியா?"

"வரிசைய பாத்தேன். ஊத்தறவளுக்கு மிஞ்சாதுன்னு தெரிஞ்சிட்சி, அதான் எடுத்து வெச்சேன்." கம்பை மடியில் சாய்த்துக்கொண்டாள். "எனக்கு ஒவ்வொரு வருசமும் மிஞ்சும்டி. கால் அண்டா, அர அண்டா. யாரும் ரெண்டாந்தரம் கேட்டு வந்தது இல்ல. நானும் அந்த மனுசனும் ரெண்டு நாளிக்கி அதயேதான் குடிப்போம்."

தாஸ் கோயில் தூணைப் பார்த்தபடி நின்றார். ஆனால் தலை மெதுவாக மேலும் கீழும் ஆடியது.

வனஜா சொம்பை வாங்கிக்கொண்டாள். நேற்றிலிருந்து இந்த அம்மாளை என்னென்னவோ மனசுக்குள் திட்டியிருந்தாள்.

"குடி," என்றாள் ரஞ்சிதம். "அடுத்த வருசம் வியாழக்கெழமயே கரைச்சிடு. இந்தக் குளிருக்கு ரெண்டு ராத்திரி வேணும்."

வனஜா சொம்பைப் பிடித்தபடி அவளைப் பார்த்தாள். "வெள்ளிக்கெழம நான் கரைக்கறப்ப சேர் போட்டு உக்காந்துனு இருந்தீங்களே."

"இருந்தேன்."

"தெரிஞ்சும் சொல்லலியா?"

"சொல்லல. சொல்லிருக்கணும்." ரஞ்சிதம் முட்டியைத் தடவிக்கொண்டாள். "உனக்கு கோவம் வந்தா திட்டிக்க. குடிச்சிட்டு திட்டு."

ஆஞ்சலா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். மாடிப் படிகளிலும் கோயில் வாசலிலும் நின்ற மேல்வீட்டுப் பெண்கள் எல்லாரும் வனஜாவையே பார்த்தார்கள். அவளுக்குக் கோபம் வந்தது, சிரிப்பு வந்தது, கடைசியில் பசிதான் ஜெயித்தது. மூடியைத் திறந்தாள். தெரு நடுவில் நின்று, அண்ணாந்து, கூழ் வாயோரம் வழிந்தாலும் விடாமல், ஒரே மூச்சில் பாதிச் சொம்பைக் குடித்தாள்.

நல்ல புளிப்பு. உப்பும் சரியாக இருந்தது.